ஆடிப்பால் பாட்டில்ல போகுமா?

ஆடி ஒண்ணாம் தேதி, அதாவது ஜூலை 17 வாக்கில், எங்க பீர்க்கன்கரணை தெருவுல நடந்து போனா வீட்டுக்கு வீடு மிக்ஸி சத்தம் கேட்கும். காரணம் ஆடிப்பால்! தேங்காய்ப்பால், வெல்லம், ஏலக்காய்... அவ்ளோதான் மேட்டர். புதுசா கல்யாணமான பொண்ணையும் மாப்பிள்ளையையும் கூப்பிட்டு உட்கார வெச்சு, டம்ளர் நிறைய ஊத்திக் கொடுப்பாங்க. கல்யாணம் ஆகாத நமக்கும் ஓரமா ஒரு டம்ளர் உண்டு, கவலை வேணாம்!

பிரச்னை டம்ளர்ல இல்லை, பாட்டில்லதான் ஆரம்பிக்குது. 'பாவம், ஹாஸ்டல்ல என்னத்தைச் சாப்பிடறானோ'ன்னு அம்மா ஒரு லிட்டர் வாட்டர் பாட்டில்ல ஊத்திக் கொடுத்து விடுவாங்க. பெருங்களத்தூர்ல எலெக்ட்ரிக் ட்ரெயின் ஏறி, நடுவுல பஸ் மாறி, லேப் முடிச்சு, ரூமுக்குப் போய், ஃப்ரெண்ட்ஸ் கூடினப்புறம் பாட்டிலைத் திறந்தா சாயங்காலம் ஆறு மணி. காலைல பத்து மணிக்கு அடைச்ச பால். குடிக்கலாமா, கூடாதா?

கூடாது. ஏன்னு கேட்டா, கொஞ்சம் கணக்குப் போடணும் பாஸ்!

கிருமி போடற கணக்கு

தேங்காய்ப்பால்ல தண்ணி இருக்கு, கொழுப்பு இருக்கு, கொஞ்சம் புரதம் இருக்கு, புளிப்பு கிட்டத்தட்ட இல்லை. வெல்லம் வேற சேர்க்கறோம். கிருமிக்கு இது ஃபுல் மீல்ஸ். 5 டிகிரி செல்சியஸ்லேர்ந்து 60 டிகிரி வரைக்கும் அதுங்க வளர்ற ஏரியா. அதுலயும் நம்ம உடம்புச் சூடு அளவுக்கு வந்துட்டா ராஜபோகம்தான். வசதியான சூழ்நிலையில சில பாக்டீரியா 20 நிமிஷத்துக்கு ஒரு தடவை இரட்டிப்பாகும். ஒண்ணே ஒண்ணுல ஆரம்பிச்சாலும் மூணு மணி நேரத்துல 512. ஆறு மணி நேரத்துல 2,62,144! நம்ம அரியர்கூட இவ்ளோ வேகமா ஏறாது.

'ஆடிக்காத்துதான் ஜிலுஜிலுன்னு அடிக்குதே'ன்னு சொல்லாதீங்க. அம்மியைப் பறக்க வைக்கற காத்து பாட்டிலைக் குளிர வைக்காது. சென்னையில ஜூலை மாசப் பகல் வெயில் 35 டிகிரி வரைக்கும் போறது சர்வ சாதாரணம். அதனால வெளியில வெச்சா அதிகபட்சம் ரெண்டு மணி நேரம், வெயில் 32 டிகிரியைத் தாண்டின நாள்ல ஒரு மணி நேரம். உணவுப் பாதுகாப்புக்காரங்க சொல்ற பொதுவான கணக்கு இதுதான்.

அடுப்பை அணைச்சப்புறம்தான் ட்விஸ்ட்

ஆடிப்பால் செய்யறவங்க கைப்பக்குவத்தைக் கவனிச்சிருக்கீங்களா? ரெண்டாம் பால்ல வெல்லப்பாகைச் சேர்த்துச் சூடாக்குவாங்க. கெட்டியான முதல் பாலை மட்டும் அடுப்பை அணைச்சுட்டுக் கடைசியா ஊத்துவாங்க. கொதிச்சா திரிஞ்சுடுங்கறதுதான் காரணம். ருசிக்கு இதுதான் சரி. ஆனா இதுக்கு என்ன அர்த்தம்? கிருமிக்கு ரொம்பப் பிடிச்ச பகுதி சரியா சூடே ஆகலை! துருவின கை, மிக்ஸி மூடி ரப்பர், பிழிஞ்ச துணி, ஊத்தின தண்ணி... இதுல எதுல ஒட்டியிருந்தாலும் அது அப்படியே டம்ளருக்கு வந்து சேரும்.

செஞ்ச கையோட குடிச்சா பெரிசா பயப்பட வேணாம், அதுங்க பெருக நேரம் இருக்காது. எடுத்து வைக்கப்போறீங்கன்னா மட்டும் முறையை மாத்துங்க. பிழியறதுக்குக் கொதிச்சு ஆறின தண்ணி. முதல் பாலையும் சேர்த்து, சிம்ல வெச்சு, கைவிடாம கிளறி, நல்லா ஆவி பறக்கற வரைக்கும் சூடாக்குங்க. 75 டிகிரி தாண்டினா போதும், தளதளன்னு கொதிக்க வேணாம்.

மூணு தப்புக் கணக்கு

ஒண்ணு: 'மோந்து பார்த்தேன், நல்லாத்தான் இருக்கு.' புளிச்ச வாடை வந்தா கெட்டுடுச்சுன்னு அர்த்தம், கரெக்ட். வாடை வரலைன்னா நல்லா இருக்குன்னு அர்த்தம் இல்லை. வாந்தி, பேதி கொடுக்கற பல கிருமிங்க வாசனையையும் மாத்தாது, ருசியையும் மாத்தாது.

ரெண்டு: 'இன்னொரு தடவை சுட வெச்சா சரியாயிடும்.' ஆகாது. ஸ்டஃபைலோகாக்கஸ்னு ஒரு கிருமி நம்ம கையிலயும் மூக்குலயுமே குடியிருக்கும். சூடு பண்ணினா அது செத்துடும், ஆனா அதுக்கு முன்னாடி அது விட்டுட்டுப் போன விஷம் கொதிச்சாலும் அழியாது. ஆள் காலி, வெச்ச குண்டு பத்திரம்!

மூணு: 'ஃப்ரீஸர்ல வெச்சாச்சு, கிருமி எல்லாம் க்ளோஸ்.' 1991 ஆகஸ்ட்ல அமெரிக்காவோட மேரிலாந்து மாநிலத்துல சிலருக்குக் காலரா வந்துச்சு. தேடிப் பார்த்தா, தாய்லாந்துலேர்ந்து உறைய வெச்சு இறக்குமதி ஆன தேங்காய்ப்பால்! அரிசிப் பாயாசம் மாதிரி ஒரு இனிப்பு மேல அதை ஊத்திச் சாப்பிட்டிருந்தாங்க. குளிர் கிருமியைக் கொல்லாது, தூங்க வைக்கும். வெளியே எடுத்து வெச்சா எழுந்துடும், அவ்ளோதான்.

ஆற வைக்கறதும் இன்ஜினீயரிங்தான்

பெரிய பாத்திரத்தோட அப்படியே ஃப்ரிட்ஜ்ல ஏத்தினா நடுப்பகுதி குளிர மணிக்கணக்கா ஆகும். அதுவரைக்கும் நடுவுல திருவிழா நடக்கும்! அகலமான சின்னச் சின்னப் பாத்திரங்கள்ல ஊத்துங்க. ஒரு பேசின்ல ஐஸ் தண்ணி வெச்சு, பாத்திரத்தை அதுல இறக்கிக் கிளறினா சீக்கிரம் ஆறிடும். பரப்பு கூடினா வெப்பம் வேகமா வெளியேறும்னு படிச்சது பரீட்சைக்கு மட்டுமா? அப்புறம் மூடிபோட்டு ஃப்ரிட்ஜுக்குள்ள. 5 டிகிரிக்குக் கீழ இருக்கணும், கதவுப் பக்கம் வேணாம், உள்பக்கமா வைங்க. மறுநாளுக்குள்ள குடிச்சு முடிச்சுடுங்க.

காலைல எடுத்துப் பார்த்தா மேல வெள்ளையா கட்டி தட்டியிருக்கும். பதறாதீங்க, அது தேங்காய் எண்ணெய். 24 டிகிரிக்குக் கீழ போனா உறையும், சூடு பண்ணினா கரைஞ்சுடும். கரண்ட் போச்சா? கதவைத் திறக்காம வெச்சா ஃப்ரிட்ஜ் ஏறக்குறைய நாலு மணி நேரம் குளிர்ச்சியைத் தாங்கும். அதுக்கு மேல போனா ஆசைப்படாம கொட்டிடுங்க.

ஃப்ளாஸ்க் விஷயத்துல உஷார்! கொதிக்கற தண்ணி ஊத்திச் சூடேத்தின ஃப்ளாஸ்க்ல ஆவி பறக்க ஊத்தி, 60 டிகிரிக்கு மேலயே இருந்தா ஓகே. இதமான சூட்டுல ஊத்தி மூடினா, நீங்க கையில தூக்கிட்டுப் போறது ஃப்ளாஸ்க் இல்லை, கிருமிக்கான இன்குபேட்டர்!

ரம்ஜான் மாசத்துல பள்ளிவாசல்ல காய்ச்சற நோன்புக்கஞ்சியைப் பாருங்க. அதுலயும் தேங்காய்ப்பால் உண்டு. மதியத்துக்கு மேல காய்ச்சி, சூடா ஊத்திக் கொடுத்து, நோன்பு திறக்கற நேரத்துக்குக் காலி. சேமிப்புங்கற பேச்சே இல்லை பாருங்க!

பாலைக் கட்டாதீங்க, பார்சலைப் பிரிங்க

அப்போ ஹாஸ்டல்காரன் கதி? வழி இருக்கு. தண்ணி குறைச்சலா, கெட்டியா காய்ச்சி வடிகட்டின வெல்லப்பாகு ஒரு சின்ன பாட்டில்ல. ஏலக்காய்ப்பொடி ஒரு பொட்டலம். உடைக்காத முழுத் தேங்காய் ஒண்ணு. இது மூணும் எத்தனை பஸ் மாறினாலும் சமாளிக்கும். ஹாஸ்டல்ல மிக்ஸிக்கு வழியில்லைன்னா தேங்காய்ப்பால் பவுடர் பாக்கெட் இருக்கவே இருக்கு. பிரிக்காத வரைக்கும் பிரச்னை இல்லை. சுடுதண்ணில கரைச்சு, பாகை ஊத்தினா ஆடிப்பால் ரெடி. அஞ்சு நிமிஷ வேலை.

அம்மா கைப்பக்குவம் அதுல முழுசா வராதுதான், ஒத்துக்கறேன். 2025ல தேங்காய் ஏறின விலையைப் பார்த்தவங்களுக்கு அரை லிட்டர் பாலைக் கொட்டறதும் வயித்தெரிச்சல்தான். ஆனா நம்ம வீட்டுப் பாலை நாம மட்டுமா குடிக்கறோம்? தலை ஆடியில மாசமா இருக்கற அக்கா, எண்பது வயசுப் பாட்டி, ரெண்டு வயசு வாண்டு எல்லாரும் அதே பாத்திரத்துலதான் டம்ளரை நீட்டுவாங்க. நமக்கு ஒரு நாள் வயித்து வலியோட போறது அவங்களுக்கு ஆஸ்பத்திரி வரைக்கும் போகலாம்.

அதனால சின்னதா ஒரு வேலை. வீட்டுல பாட்டில்ல ஊத்த ஆரம்பிச்சா, 'அம்மா, பாகை மட்டும் கொடும்மா, தேங்காயை நான் அங்க பார்த்துக்கறேன்'னு சொல்லிப் பாருங்க. திட்டு விழும். பரவாயில்ல, வாங்கிக்கங்க!

அடுத்த வாரம் மீட் பண்ணலாம். வர்ர்ட்டா!