ஒரு ராத்திரிக்காரருக்கு கெட்டில், வருஷக்காரருக்கு நோட்டீஸ்!

சென்னையில் சுமாரான ஒரு ஓட்டலில் ரூம் போட்டால் மேஜை மேல் என்ன இருக்கும்? எலக்ட்ரிக் கெட்டில், ரெண்டு இன்ஸ்டன்ட் காபி பாக்கெட், பால் பவுடர், சர்க்கரை. "காம்ப்ளிமென்டரி" என்று ஒரு அட்டை வேறு. திருவல்லிக்கேணி மேன்ஷனில் ஷேரிங் ரூம் எடுத்தால்? சுவரில் ஒரு நோட்டீஸ் இருக்கும். அறையில் கெட்டில், ஹீட்டர், அயர்ன்பாக்ஸ் உபயோகிக்கக் கூடாது!

ருசியில் மேன்ஷன்வாசிதான் ஜெயிப்பார், சந்தேகமே வேண்டாம். படியிறங்கித் தெருவுக்கு வந்தால் நுரை ததும்பும் ஃபில்டர் காபி. ஓட்டலில் பவுடரைக் கலக்குகிறவருக்கு அந்தக் கொடுப்பினை இல்லை :-) ஆனால் ராத்திரி ஒரு மணிக்கு சி.ஏ. பரீட்சைக்குப் படிக்கிறவருக்கும், காய்ச்சலில் சுருண்டு கிடக்கிறவருக்கும் கீழே கடை திறந்திருக்காது. அவர்கள் கேட்பது ருசி இல்லைங்க, ஒரு டம்ளர் வெந்நீர்.

கரண்ட் பில் ஏறிவிடுமாம். சரி, கணக்குப் போடுங்கள். அரை லிட்டர் தண்ணீர் கொதிக்க சுமார் 0.05 யூனிட். யூனிட் 10 ரூபாய் என்று தாராளமாக வைத்தாலும் 50 பைசா. தினம் ரெண்டு தடவை என்றால் மாசம் 30 ரூபாய். ஓட்டல்காரர் மட்டும் என்ன தர்மப்பிரபுவா? அந்தக் "காம்ப்ளிமென்டரி" காபிக்கும் ரூம் வாடகையில் சேர்த்துத்தான் வாங்குகிறார். மேன்ஷன் ஓனரும் அந்த 30 ரூபாயை வாடகையில் சேர்த்துக் கொள்ளட்டுமே, யார் வேண்டாம் என்றது?

பழைய வயரிங், ஷார்ட் சர்க்யூட் பயம் என்பார்கள். அது நியாயம்தான். 1,500 வாட் கெட்டில் பத்து ரூமில் ஒரே நேரத்தில் ஓடினால் 15 கிலோவாட். அப்படியானால் மாடிக்கு ஒன்றாக, வராந்தாவில் தனி லைன் இழுத்து வெந்நீர் மெஷின் வைக்க வேண்டியதுதானே? நோட்டீஸ் ஒட்டுவது சுலபம், வயரிங் மாற்றத்தான் காசு வேண்டும். விஷயம் அங்கேதான் இருக்கிறது.

இன்னொரு வேடிக்கை. ஓட்டல் ரூமுக்கு ஜிஎஸ்டி உண்டு. ஆனால் 2024 ஜூலையிலிருந்து, ஆளுக்கு மாசம் 20,000 ரூபாய்க்கு மேல் போகாமல், தொடர்ந்து 90 நாளாவது தங்கினால் அந்த வாடகைக்கு ஜிஎஸ்டி கிடையாது. அதாவது, இப்படித் தங்குகிறவரை அரசாங்கமே ஓட்டல் விருந்தாளியாகப் பார்ப்பதில்லை, குடியிருப்பவராகப் பார்க்கிறது.

வரி என்று வந்தால் வீடு, வெந்நீர் என்று வந்தால் ஜெயிலா? ஒரு ராத்திரி தங்கிவிட்டுப் போகிறவர் "சார்". பன்னிரண்டு மாசமும் தவறாமல் வாடகை கட்டுகிறவர் தொல்லை. எந்த ஊர் வியாபாரம் சாமி இது?