பலகை சுமப்பவனும் பரிகாசமும்

நகைச்சுவை என்றவுடன் முகஞ்சுளிக்கும் முற்போக்காளர் சிலர் நம்மிடையே உளர். தொழிலாளி தடுக்கி விழும் காட்சி வந்துவிட்டாற் போதும், 'முதலாளித்துவச் சரக்கு' என்று முத்திரை குத்திவிடுவர். எரிக் சைக்ஸ் 1967இல் எழுதி இயக்கிய 'த பிளாங்க்' என்னும் பிரித்தானியக் குறும்படத்தையும் இவர்கள் அந்தக் கணக்கிலேயே எழுதுகின்றனர். இதனை நாம் ஒப்பமாட்டோம்.

கதை மிகச் சிறிது. வீடொன்றுக்குத் தளம் போடும் தொழிலாளர் இருவருக்கு ஒரு பலகை குறைகின்றது. அதை வாங்கி, மோட்டார் வண்டியின் கூரைமீது ஏற்றி, வேலைத்தலத்துக்குக் கொண்டுவர வேண்டும். சைக்சும் டொமி கூப்பரும் அந்த இருவர். பேச்சு அரிது, முனகலும் ஓசைகளுமே படத்தை நடத்துகின்றன. (சைக்ஸ் இளமையிலேயே செவிப்புலனை இழக்கத் தொடங்கியவர் என்பதையும் இங்கே நினைவுகூரலாம்.) பலகை ஒருபுறம் திரும்ப, மறுபுறம் ஒருவர் அடிபடுகிறார். ஜிம்மி எட்வேட்ஸ் பொலிஸ்காரராக மிடுக்கோடு வருகிறார். பலகை அந்த மிடுக்கையும் மதிப்பதில்லை.

இது அபத்தமாம்! நீண்ட பலகையைத் தோளிற் சுமந்து தெருமுனையில் திரும்பிப் பார்த்தவன் அவ்வாறு சொல்லான். சுமப்பவன் கண்ணுக்கு முன்முனை மட்டுமே தெரியும். பின்முனை யாரை இடிக்கும் என்ற அச்சம் அவன் பிடரியிலேயே குந்தியிருக்கும். ஓல்டம் என்னும் பஞ்சாலை நகரில், ஆலைத் தொழிலாளி ஒருவரின் மகனாக 1923இல் பிறந்த சைக்ஸ் இந்த அச்சத்தை அறிந்தே சிரிக்கவைக்கிறார்.

தொழிலாளியைப் பழிக்கும் சிரிப்பு எது என்று காட்ட வேண்டுமா? போல்டிங் சகோதரர்களின் 'ஐம் ஓல் ரைட் ஜாக்' (1959) இருக்கிறது. பீற்றர் செலர்ஸ் நடித்த தொழிற்சங்கவாதி பிரெட் கைற், சோவியத் கனவில் மிதக்கும் கோமாளியாக அங்கே நிறுத்தப்படுகிறார். முதலாளிகளையும் அப்படம் விட்டுவைக்கவில்லை என்பது மெய்யே. ஆயினும் வேலைநிறுத்தம் என்றாலே சோம்பேறிகளின் சூழ்ச்சி என்ற எண்ணத்தோடுதான் பார்வையாளன் வீடு திரும்புகிறான். இந்த இரண்டு சிரிப்பையும் ஒரே தராசில் நிறுக்கும் விமர்சகருக்கு வர்க்கப் பார்வை எங்கே இருக்கிறது? மக்கள் வாய்விட்டுச் சிரிக்கும் இடத்தை நாம் அருவருத்து ஒதுங்கினால், போல்டிங் வகையறாக்கள் அங்கே தாராளமாகக் கடை விரிப்பர்.

1979இல் ஆர்தர் லோவைச் சேர்த்துக்கொண்டு சைக்ஸ் இதே கதையைத் தொலைக்காட்சிக்காக மீண்டும் எடுத்தார். அதிலும் எத்தனை பேர் அடிபட்டாலென்ன, பலகை வந்து சேரவேண்டும், தளம் முடியவேண்டும். வேலையைப் போட்டுவிட்டு ஓடும் தொழிலாளியை இரண்டு படங்களிலும் நாம் காணவில்லை.