ஜப்பான் மேளம் பெட்டிக்குள்ளே! போகி மேளம் நடுரோட்டிலே!

"டொன்... டொன்... கா!"

மேளச் சத்தம்தான். ஆனால் மேளம் கிடையாது! பையன் கையில் இருப்பது வீடியோ கேம் பெட்டி. ஆட்டத்தின் பெயர் 'டைக்கோ நோ டட்சுஜின்'.

டைக்கோ என்பது ஜப்பான்காரர்கள் திருவிழாவில் குச்சியால் அடிக்கும் மேளம். 2001-ல் நாம்கோ கம்பெனி அதைக் காசு போட்டு ஆடும் எந்திரமாக்கியது. 2005-ல் சோனியின் பி.எஸ்.பி. என்ற கைப்பெட்டிக்குள் புகுந்தது. 2018-ல் நிண்டெண்டோ ஸ்விட்சுக்கும் வந்துவிட்டது. திரையில் சிவப்பு வட்டம் ஓடிவந்தால் மேளத்தின் நடுவிலே அடிக்கணும். நீலம் வந்தால் விளிம்பிலே. தாளம் தப்பினால் மார்க் போச்சு!

நல்ல ஆட்டம்தான். பிள்ளைகளுக்குத் தாளம் படியுது. வேண்டாம் என்று யார் சொன்னது?

ஆனால் சேலையூர் பிள்ளைகளுக்கு இது புதுசா என்ன? மார்கழி கடைசி நாள் விடியற்காலையில் பழைய பாயைக் கொளுத்திவிட்டு, குளிரில் நடுங்கியபடி தட்டுகிறார்களே போகி மேளம், அதுவும் கைக்கு அடக்கம்தான். மண் வளையத்தில் தோல் இழுத்து ஒட்டியது. சார்ஜ் வேண்டாம். பனியில் தோல் தொய்ந்தால் நெருப்பில் காட்டினால் போதும், மறுபடி கணீரென்று பேசும்!

செய்கிறவர் பாடுதான் பரிதாபம். வேலை பல நாள், வியாபாரம் சில நாள். போகி முடிந்தால் மிஞ்சிய மேளத்தைச் சீந்த ஆளில்லை.

புகை கூடாது என்பது சரி. 2018 போகிப் புகையில் மீனம்பாக்கத்தில் விமானங்கள் இறங்க முடியாமல் திரும்பியதை மறக்க முடியுமா? டயரைத் தடுங்கள். மேளம் என்ன பாவம் செய்தது?

இன்னொரு கூத்தையும் சொல்லியாகணும். ஜப்பான் மேளத்துக்கு ஆயிரம் ஆயிரமாக எடுத்து வைக்கிற அப்பா, மகன் பறை கற்கப் போகிறேன் என்றால், "சாவுக்கு அடிக்கிறதாச்சேடா" என்று முகம் சுளிக்கிறார். சாதிதான் காரணம், வேறென்ன? பறைக் கலைஞர் வேலு ஆசானுக்கு 2025-ல் பத்மஸ்ரீ அறிவித்தது மத்திய சர்க்கார். அப்பாக்களின் காதில்தான் அது இன்னும் விழவில்லை!

சேலையூர் இப்போது தாம்பரம் மாநகராட்சியில் இருக்கிறது. பஸ்ஸுக்கும் ஷேர் ஆட்டோவுக்கும் நடுவே உயிரைக் கையில் பிடித்துக்கொண்டு மேளம் விற்கிறவர்களுக்கு, பொங்கலுக்கு முந்தைய வாரம் கேம்ப் ரோடு பக்கம் ஓர் இடம் ஒதுக்கினால் என்ன? மாநகராட்சிப் பள்ளிகளில் வாரம் ஒரு பீரியடு பறைக்கு விட்டால் என்ன? கமிஷனர் மனசு வைத்தால் அடுத்த மார்கழிக்குள் முடிகிற வேலைதான்.