காட்டுப்பன்றியை யார் சுடலாம்?



"பன்னி கடலைக்காட்டையே உழுதுட்டுப் போயிடுச்சு. நம்ம கையில துப்பாக்கி குடுக்கணும்" என்று ஊரில் பேசிக்கிறாங்க. விதி என்ன தெரியுமா?

2025 ஜனவரியில் தமிழக அரசு மூன்று எல்லை வகுத்தது. காப்புக்காட்டிலிருந்து 1 கி.மீ. வரை பன்றியைச் சுடக்கூடாது. 1 முதல் 3 கி.மீ. வரை, பிடித்துக் காட்டில் விட வேண்டும். 3 கி.மீ. தாண்டினால் சுடலாம், அதுவும் வனத்துறையினர் மட்டும். கேரளாவில் 2022 முதல் பஞ்சாயத்துத் தலைவரே அனுமதி தரலாம்.

துப்பாக்கி நமக்கு வேண்டாம் என்பதே என் கருத்து. ராத்திரியில் அசைவது பன்னியா, மனுசனா என்று எப்படித் தெரியும்?

ஆனால் காட்டை ஒட்டி வெள்ளாமை செய்பவர்களுக்கு இழப்பீடு மட்டும்தான் வழி. எங்க வீட்டில் மனு கொடுத்தோம். அடுத்த விதைப்பே முடிஞ்சிடுச்சு, பணம் வரல! இப்படி வெறுத்துப்போய்த்தான் சிலர் திருட்டுத்தனமா கரண்ட் வேலி போடுறாங்க, அவுட்டுக்காய் வைக்கிறாங்க. அதில் யானை சாகுது, மாடு சாகுது. வேலியில் மனுசனும் சாகிறான்.

பன்றியைச் சுடாதே என்று சொல்லும் அரசு, அடுத்த விதைப்புக்கு முன்னாடியே இழப்பீட்டைக் கொடுக்கட்டும். பன்றியும் பிழைக்கும், விவசாயியும் பிழைப்பான்.

சிந்திப்பீர்!

– 9-ஆம் வகுப்பு மாணவி