விளையாட்டுச் சிறையிலும் பெயர் பெயர்தான்

பாறசாலையிலும் நெய்யாற்றின்கரையிலும் பள்ளி விட்டு வரும் பையன்கள் இப்போது ஜெயில் கட்டுகிறார்கள். செங்கல் வேண்டாம், சிமெண்ட் வேண்டாம். ஒரு கம்ப்யூட்டர் போதும். மார்த்தாண்டத்திலிருந்து வரும் மாமன் மகன், தமிழ்நாட்டு சர்க்கார் கொடுத்த இலவச மடிக்கணினியைத் தூக்கிக்கொண்டு வந்தால் அன்று மாலை வீட்டில் ஜெயில் கட்டும் வேலைதான். பெற்றோர் திகைக்கிறார்கள். ஜெயிலா விளையாடுகிற சாமான் என்று தலையில் அடித்துக்கொள்ளும் தாய்மாரும் உண்டு.

'பிரிசன் ஆர்க்கிடெக்ட்' என்பது அந்த விளையாட்டின் பெயர். பிரிட்டனைச் சேர்ந்த இன்ட்ரோவெர்ஷன் சாஃப்ட்வேர் என்ற கம்பெனி 2012ல் அதை முடிந்தும் முடியாத நிலையிலேயே விற்கத் தொடங்கி, 2015 அக்டோபரில் முழு வடிவில் வெளியிட்டது. 2019ல் ஸ்வீடன் நாட்டு பாரடாக்ஸ் கம்பெனி அதன் உரிமையை வாங்கிக்கொண்டது. விளையாடுகிறவர் ஜெயிலுக்கு முதலாளியும் சூப்பிரண்டும் ஆகிறார். சுவர் எழுப்ப வேண்டும்; அறை, சமையல் கட்டு, சாப்பாட்டு மண்டபம், உறவினர் சந்திக்கும் இடம், தனிக்கொட்டடி எல்லாம் அமைக்க வேண்டும். கைதிகள் பஸ்ஸில் வந்து இறங்குவார்கள். சோறும் தூக்கமும் வீட்டாருடன் பேச்சும் கிடைக்காவிட்டால் கலகம் செய்வார்கள். ஒரு சிறையை நடத்துவது சோற்றுக் கணக்கும் சாக்கடைக் கணக்கும்தான் என்று பையன்களுக்கு ஓரளவு புரிய வைக்கிற வேலையை இது செய்கிறது என்பதை மறுக்க முடியாது.

ஆனால் இங்கே சொல்ல வந்தது சுவரைப் பற்றி அல்ல, பெயரைப் பற்றி.

அந்த விளையாட்டில் கைதிகளுக்கு நம்பர் மட்டும் கிடையாது. ஒவ்வொருவனையும் தொட்டுப் பார்த்தால் அவன் பெயர், வயது, செய்த குற்றம், தண்டனை எல்லாம் வரும். தொடக்கத்தில் கூடுதல் பணம் கட்டி வாங்கியவர்களுக்கு ஒரு சலுகையும் இருந்தது. தங்கள் பெயரையும் நாலு வரி வரலாற்றையும் ஒரு கைதிக்குச் சூட்டலாம். உலகத்தில் எவனோ ஒருவன் கட்டும் ஜெயிலில் அந்தப் பெயர்க்காரன் போய் அடைபடுவான். காசு கொடுத்து ஜெயிலுக்குப் போன கூட்டம் அது! இது தவிர, பெயர்ப் பட்டியலையே மாற்றி நம் ஊர்ப் பெயர்களைப் போட்டுக்கொள்ளும் வித்தையையும் பையன்கள் கற்று வைத்திருக்கிறார்கள்.

யார் யார் பெயரைப் போடுகிறார்கள்? கணக்கு வாத்தியார் பெயர், பக்கத்து வீட்டுச் சண்டைக்காரர் பெயர், சினிமா வில்லன் பெயர். அதுவரை சிரிப்புதான். ஆனால் திருடனுக்குப் 'பாண்டி' என்றும், கள்ளச் சாராயக்காரனுக்கு 'அண்ணாச்சி' என்றும் பெயர் வைக்கும்போது சிரிப்பு நின்றுவிட வேண்டும். தென்கேரளத்தில் வேலை செய்கிற தமிழன் எவனும் 'பாண்டி' என்ற சொல்லை என்ன தொனியில் கேட்டிருப்பான் என்பதைச் சொல்லித் தெரிய வேண்டியதில்லை. சாலை போடுகிறவனும் பாண்டி, பழைய இரும்பு வாங்குகிறவனும் பாண்டி, பஸ்ஸில் பணப்பை காணாமல் போனால் முதலில் திரும்பிப் பார்க்கப்படுகிறவனும் பாண்டி.

நம்மவர் பிள்ளைகள் மட்டும் யோக்கியமா என்றால் அதுவும் இல்லை. அவர்கள் கட்டுகிற ஜெயிலில் திருடனுக்குப் பெயர் 'பெங்காலி'. அசாமிலிருந்தும் ஒடிசாவிலிருந்தும் பீகாரிலிருந்தும் வந்து, முன்பு தமிழன் சுமந்த அதே கல்லையும் மண்ணையும் சுமக்கிறவர்கள் அத்தனை பேருக்கும் கேரளத்தில் ஒரே பெயர் 'பெங்காலி' என்றாகிவிட்டது. பாண்டி என்று அழைக்கப்பட்டவனின் மகன் இன்னொருவனைப் பெங்காலி என்கிறான். அடி வாங்கியவனுக்கு வலி மறந்து போவது இவ்வளவு சீக்கிரமா?

குற்றம் நடப்பதற்கு முன்பே குற்றவாளியின் பெயரை எழுதி வைப்பது விளையாட்டு அல்ல என்பதற்குத் தமிழ்நாட்டுச் சரித்திரத்திலேயே சாட்சி இருக்கிறது. வெள்ளைக்காரன் 1871ல் கொண்டுவந்த குற்றப்பரம்பரைச் சட்டம் 1911ல் சென்னை மாகாணத்துக்கும் வந்தது. ஒருவன் திருடினானா என்று பார்க்கவில்லை. எந்தச் சாதியில் பிறந்தான் என்று பார்த்துப் பெயரைப் பதிந்து கைரேகை வாங்கினார்கள். இரவானால் போலீஸ் ஸ்டேஷனில் ஆஜராக வேண்டும் என்றார்கள். மதுரைச் சீமையில் அதை 'ரேகைச் சட்டம்' என்றே சொன்னார்கள். அதை எதிர்த்த பெருங்காமநல்லூர் மக்கள் மீது 1920 ஏப்ரல் 3 அன்று துப்பாக்கிச் சூடு நடந்து பலர் மாண்டனர். சென்னை மாகாணத்தில் அந்தச் சட்டம் நீங்க 1947 வரை ஆயிற்று.

அதெல்லாம் பழைய கதை என்று தள்ளவும் முடியாது. கைதியின் பெயருக்குப் பக்கத்தில் சாதி எழுதும் கட்டம் நம் நாட்டு ஜெயில் பதிவேடுகளில் 2024 வரை இருந்தது. சுகன்யா சாந்தா என்ற பத்திரிகையாளர் போட்ட வழக்கில், 2024 அக்டோபர் 3 அன்று சுப்ரீம் கோர்ட் அந்தக் கட்டத்தையே நீக்க வேண்டும் என்று உத்தரவிட்டது. இன்ன சாதிக்காரன் சமைக்க வேண்டும், இன்ன சாதிக்காரன் கக்கூஸ் கழுவ வேண்டும் என்று வேலை பிரிக்கும் சிறை விதிகளையும் செல்லாது என்றது. அந்த வழக்கில் எடுத்துக்காட்டப்பட்ட ஜெயில்களில் எல்லைக்கு அந்தப்புறம் இருக்கும் பாளையங்கோட்டை மத்திய சிறையும் ஒன்று. சாதிவாரியாகக் கைதிகளைத் தனித்தனியே அடைத்ததாகச் சொல்லப்பட்டது. ஒரு பத்திரிகைக்காரர் எழுதி, கோர்ட் வரை போய், சட்டம் மாறியது என்பது இந்தத் தொழிலில் இருக்கிறவர்களுக்குச் சற்றுத் தெம்பு தரும் செய்தி.

இனி, எல்லைப்புறத்தின் தனிச் சங்கடத்துக்கு வருவோம். 1956 நவம்பர் 1 அன்று விளவங்கோடும் கல்குளமும் தமிழ்நாட்டோடு போயின. நெய்யாற்றின்கரை தாலுகா கேரளத்தில் நின்றது. கோடு போட்டதில் உறவு இரண்டாகவில்லை, ஆனால் பெயர் இரண்டாகிவிட்டது. தமிழில் தகப்பன் பெயரின் எழுத்து முன்னால் நிற்கும். கேரளத்தில் பின்னால் போகும், சில வேளை வீட்டுப் பெயரும் சேர்ந்துகொள்ளும். தமிழில் ஒரே 'த', மலையாளத்தில் நாலு. தனராஜ் என்று ஒருவன் சொன்னால் எந்தத் 'த' என்று எழுதுகிற கான்ஸ்டபிள்தான் தீர்மானிக்கிறார். பாலன் என்றால் எந்தப் 'ப'? ஞானதாஸ் என்றால் 'ஜ்ஞானதாஸ்' ஆகிவிடும். ரேஷன் கார்டில் ஒரு பெயர், ஆதாரில் ஒரு பெயர், எப்.ஐ.ஆரில் மூன்றாவது பெயர்.

வெளியே இருக்கும்வரை இதெல்லாம் கேலிக்கு ஆகும். உள்ளே போனால் அப்படி அல்ல. கோர்ட் கொடுக்கும் விடுதலை உத்தரவில் உள்ள பெயரும் தகப்பன் பெயரும் வழக்கு எண்ணும் ஜெயில் பதிவேட்டோடு ஒத்துப் போனால்தான் கதவு திறக்கும். ஒத்துப் போகாவிட்டால் காகிதம் திரும்பிப் போகும், ஆள் உள்ளேயே இருப்பான். காகிதத்தில் சிறு பிசகு என்ன செய்யும் என்பதற்கு 2025ல் உத்தரப் பிரதேசத்துக் காஜியாபாத் ஜெயிலே சாட்சி. சுப்ரீம் கோர்ட்டே ஜாமீன் கொடுத்த ஒருவரை, உத்தரவில் ஒரு சட்டப்பிரிவின் உட்பிரிவைக் குறிக்கவில்லை என்று சொல்லி ஏறக்குறைய ஒரு மாதம் கூடுதலாக வைத்திருந்தார்கள். ஐந்து லட்சம் ரூபாய் நஷ்டஈடு கொடுக்கச் சொல்லி மாநில சர்க்காருக்கு உத்தரவாயிற்று. குஜராத்தில் இன்னும் மோசம். 2020ல் ஈமெயிலில் வந்த ஜாமீன் உத்தரவைத் திறந்து பார்க்க முடியாமல் போனதால் ஒரு கைதி 2023 வரை உள்ளே கிடந்தார். அவருக்கு ஹைகோர்ட் ஒரு லட்சம் கொடுக்கச் சொன்னது. இவர்களுக்குச் சொந்த ஊர், சொந்த மொழி. மொழி தெரியாத இடத்தில் மாட்டிக்கொண்ட கூலிக்காரன் கதி என்னவாகும் என்பதை வாசகர்களே எண்ணிப் பார்க்கலாம்.

பாறசாலையில் ஒரு குமாஸ்தா வீட்டில் நடந்தது இது. மகன் கட்டிய ஜெயிலில் ஒரு கைதிக்குத் தன் பெயரே இருப்பதைத் தகப்பனார் பார்த்துவிட்டார்.

"என்ன மக்களே இது? எம் பேரைப் போய் ஜெயில்ல போட்டிருக்க?"

"விளையாட்டுக்குத்தாம்பா. முதல்ல எல்லாரும் வெள்ளைக்காரப் பேரு. சோறு பத்தலைன்னாலும் ஒண்ணும் தோணலை. உங்க பேரு வச்ச பிறகு, அவன் பசின்னு நின்னா உடனே அடுக்களையைப் பெருசாக்கிட்டேன்."

தகப்பனார் அதற்கு மேல் ஒன்றும் சொல்லவில்லையாம். அந்தப் பையன் சொன்னதில்தான் விஷயமே இருக்கிறது. விளையாட்டைச் செய்தவர்களுக்கும் இது தெரிந்தே இருக்கிறது. முதல் கதையிலேயே எட்வர்ட் என்ற மரண தண்டனைக் கைதிக்கு மின்சார நாற்காலி அறை கட்டும் வேலையைத்தான் விளையாடுகிறவர் தலையில் கட்டுகிறார்கள். மனைவியைக் கொன்ற அவன் கதையையும் சொல்லிவிடுகிறார்கள். கட்டுகிற கை கொஞ்சம் தயங்கட்டும் என்றுதானே பெயரும் கதையும்? பையன்கள் பெயர் வைக்கட்டும். ஆனால் வெறுக்கிறவன் பெயரை வைத்து விளையாடுவதற்கும் வேண்டியவன் பெயரை வைத்து விளையாடுவதற்கும் எத்தனை தூரம் என்று வீட்டில் பெரியவர்கள் ஒரு வார்த்தை கேட்டு வைக்கலாம். போகிற போக்கில், சுவரே இல்லாமல் ஜெயில் கட்ட முடியுமா என்றும் கேட்கலாம். 1962லிருந்து நெய்யாறு அணைப் பக்கம் நெட்டுக்கால்தேரியில் திறந்தவெளிச் சிறை இருக்கிறது. அங்கே கைதிகள் ரப்பர் தோட்டத்தில் வேலை செய்கிறார்கள்.

பெரியவர்களுக்கும் தெரிந்திருக்க வேண்டியவை சில. 2024 ஜூலை 1 முதல் நடப்பில் உள்ள புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின்படி, கைது செய்ய வரும் போலீஸ்காரர்தான் முதலில் தன் பெயர் தெளிவாகத் தெரியும்படி அணிந்திருக்க வேண்டும். கைதுக் குறிப்பு எழுதி, குடும்பத்தாரோ உள்ளூர்ப் பெரியவரோ சாட்சிக் கையெழுத்துப் போட, பிடிபட்டவரும் கையெழுத்திட வேண்டும். அந்தக் கையெழுத்துப் போடும் நேரத்திலேயே பெயர் சரியாக இருக்கிறதா என்று ஆதாரோடு ஒத்துப் பார்க்க வேண்டும். பிறகு திருத்துவது பெரும்பாடு. காவலில் இருக்கும் எவருக்கும், வருமானம் எவ்வளவு என்ற கேள்வியே இல்லாமல், இலவச வக்கீல் உதவி உண்டு என்கிறது 1987ஆம் ஆண்டுச் சட்டம். 15100 என்ற நம்பருக்கு போன் செய்தால் வழி சொல்வார்கள்.

சிறைத்துறைக்கும் ஒரு வேண்டுகோள். நெய்யாற்றின்கரை சப் ஜெயிலுக்கும் பூஜப்புரை சென்ட்ரல் ஜெயிலுக்கும் வருகிற எல்லைப்புறத்துக் கைதிகளில் தமிழ் மட்டும் எழுதத் தெரிந்தவர்கள் இருப்பார்கள். சுப்ரீம் கோர்ட் உத்தரவால் பதிவேட்டில் சாதிக் கட்டம் போய் ஓர் இடம் மிச்சமாகிறது. அந்த இடத்தில் கைதி தன் பெயரைத் தன் கையால் தன் எழுத்தில் எழுதட்டும். மலையாளத்திலும் ஆங்கிலத்திலும் எழுதியது அதன் கீழே இருக்கட்டும்.