தொட்டியைச் சுற்றிய சுவர்



பாறசாலைக்கும் நெய்யாற்றின்கரைக்கும் நடுவே, தனுவச்சபுரத்தை உள்ளடக்கிய கொல்லயில் ஊராட்சி இருக்கிறது. 1956 நவம்பர் 1 அன்று கல்குளமும் விளவங்கோடும் அன்றைய சென்னை மாநிலத்தோடு சேர்ந்தபோது, நெய்யாற்றின்கரை கேரளத்தோடு நின்றுவிட்டது. ஆகையால் பெயர்ப்பலகை மலையாளத்திலும் வீட்டுப் பேச்சு தமிழிலுமாக வாழும் குடும்பங்கள் அங்கே உண்டு. அவர்களுடைய பிள்ளைகளில் பலர் நகரங்களில் பிழைக்கிறோம். ஊருக்கு அடிக்கடி செல்ல இயலாத குறையைப் பணம் அனுப்பியும் பொருள் வாங்கிக் கொடுத்தும் ஈடுசெய்ய முயலுகிறோம்.

நான் அனுப்பியது ஒரு குளியல் தொட்டி. தகப்பனாருக்கு முழங்கால் வலி; வெந்நீரில் அமர்ந்து குளித்தால் இதமாயிருக்கும் என்று எண்ணினேன். பழைய வெட்டுக்கல் வீட்டின் குளியலறையில் அக்ரிலிக் தொட்டி அமைந்தது. சுற்றிலும் பளபளப்பான டைல்ஸும் பதிக்கப்பட்டது. படம் பார்த்து மகிழ்ந்தேன். ஓர் இடவப்பாதியும் ஒரு துலாவர்ஷமும் கடந்தன. அந்தச் சுவரின் மறுபக்கத்தில் தாயாரின் கட்டில் தலைமாடு. அங்கே பூச்சு ஊதி, உப்புப் பூத்து, கரும்புள்ளிகளாய்ப் பூஞ்சணம் படர்ந்தது. தாயாருக்கு இரவில் இருமல் தொடங்கியது. ஈரமும் பூஞ்சணமும் உள்ள வீடுகளில் ஆஸ்துமாவும் மூச்சுத் தொல்லைகளும் மிகுதி என்பதை உலக சுகாதார நிறுவனம் 2009ஆம் ஆண்டு வெளியிட்ட வழிகாட்டி நூல் எடுத்துரைக்கிறது. இருமல் அந்தச் சுவரால்தான் வந்தது என்று நான் அறுதியிட்டுக் கூறமாட்டேன். கட்டிலை வேறு அறைக்கு மாற்றியபின் அது தணிந்தது என்பதை மட்டும் கூறுகிறேன்.

லேவியராகமம் 14ஆம் அதிகாரத்தில், வீட்டுச் சுவரில் படரும் தோஷத்தைக் குறித்த பிரமாணம் இருப்பதை நீங்கள் வாசித்திருப்பீர்கள். வீட்டைப் பூட்டி வைத்துப் பார்த்து, கல்லைப் பெயர்த்து, பூச்சைச் சுரண்டி, புதிதாய்ப் பூச வேண்டும். வண்ணம் அடித்து மறைக்கும் வழி அங்கே இல்லை. நாங்களோ இருமுறை வண்ணம் அடித்தோம்.

கடைசியில் ஒரு மார்ச் மாதம் விடுப்பெடுத்துச் சென்று டைல்ஸைப் பெயர்க்கச் சொன்னேன். ஒவ்வொரு டைல்ஸின் முதுகிலும் நான்கு மூலையிலும் நடுவிலுமாக ஐந்து உருண்டைச் சிமென்ட்; மற்ற இடமெல்லாம் வெற்றிடம். உட்புகுந்த நீர் அந்த வெற்றிடத்தில் தங்கி, நீரை உறிஞ்சும் இயல்புள்ள வெட்டுக்கல் வழியாய் மறுபக்கம் சென்றிருக்கிறது. நாணயத்தால் தட்டிப் பார்த்திருந்தால் அந்தப் பொள்ளல் ஓசை முன்னரே கேட்டிருக்கும்.

இங்கே ஒரு நுட்பம் உண்டு. பழைய மெருகுச் சுவர் டைல்ஸ் தன் எடையில் நூற்றுக்குப் பத்துக்கு மேல் நீரை உறிஞ்சும். அதனை நீரில் ஊறவைத்துச் சிமென்ட் சாந்தில் பதித்தால் பிடித்துக்கொள்ளும். விட்ரிஃபைடு டைல்ஸோ அரை விழுக்காடுகூட உறிஞ்சாது. வெறும் சிமென்ட் அதனைப் பற்றாது. அதற்குரிய பசையைப் பல்வெட்டுக் கரண்டியால் முதுகு முழுவதும் பரப்ப வேண்டும். எங்கள் வீட்டில் புதிய டைல்ஸ், பழைய முறை. கொத்தனாரைக் குறைகூற மனமில்லை. பசைக்குப் பணம் எதற்கு என்று தொலைபேசியில் கேட்டவன் நான்தான்.

வேறொன்றையும் கவனியுங்கள். டைல்ஸ் நீரைத் தடுத்தாலும், இடைவெளியில் நிரப்பும் சிமென்ட் கலவை தடுக்காது. நீரைத் தடுக்க வேண்டியது டைல்ஸுக்குப் பின்னால் உள்ள பூச்சு. ஆகையால் கல் தெரியும்வரை சுரண்டி, பல வாரங்கள் உலரவிட்டு, புதிதாய்ப் பூசி, மூலைகளில் வலைத்துணி பதித்து, நீர்த்தடுப்புக் கலவையை இருமுறை அடித்தோம். முதற்பூச்சு குறுக்காக, அது காய்ந்தபின் இரண்டாவது நெடுக்காக. ஏழடி உயரம்வரை அடிக்கச் செய்தேன். தகப்பனார் பிடித்து எழும் கம்பிக்கான துளைகளைச் சுவரில் ஆழமாய் இட்டு, அவற்றின் வாயையும் அடைத்தோம். தரைக்கு ஓர் அடிக்குக் கால் அங்குலம் வாட்டம். பின்பு வடிகாலை அடைத்து, தரையில் ஒரு நாள் முழுவதும் நீர் தேக்கி வைத்துப் பார்த்தோம்.

அமெரிக்காவில் தொட்டியைச் சுற்றி அக்ரிலிக் பலகைகளை ஒட்டிவிடுவதும் உண்டு. அங்கே டைல்ஸுக்கு அடியில் பச்சைக் காகிதம் ஒட்டிய ஜிப்சம் பலகையை நெடுங்காலம் வைத்து வந்தனர். ஈரத்தில் அது நைந்துபோவதைக் கண்டு 2006ஆம் ஆண்டு வீட்டுக் கட்டுமான விதித்தொகுப்பு அதனை நனையும் சுவர்களில் விலக்கியது. நம் ஊரிலும் இப்போது குளியலறைக்கென்று பிவிசி பலகைகள் விற்கப்படுகின்றன. ஈரச் சுவரின்மேல் அதனை ஒட்டுவது, எங்கள் வண்ணப் பூச்சைப் போன்றதே.

மிகவும் நுண்ணிய இடம், தொட்டியின் விளிம்பும் சுவரும் சேரும் கோடு. தொட்டியின் விளிம்பில் நிமிர்ந்து நிற்கும் உதட்டின்மேல் டைல்ஸ் இறங்கி வரவேண்டும். அப்போதுதான் வழியும் நீர் தொட்டிக்குள் விழும். எங்களுக்கோ உதட்டுக்கு மேலேயே டைல்ஸ் நின்று, இடைவெளியில் வெள்ளைச் சிமென்ட் திணிக்கப்பட்டிருந்தது. இருநூறு லிட்டர் நீர் என்றால் இருநூறு கிலோ. ஆளும் அமர்ந்தால் தொட்டி மயிரிழை அளவு தாழும், வெள்ளைச் சிமென்ட் வெடிக்கும். இம்முறை தொட்டியில் நீர் நிரப்பி, அது தாழ்ந்திருக்கும் நிலையில் சிலிக்கான் பசையை இட்டு, மறுநாள்வரை நீரைத் திறக்காமல் காத்திருந்தோம்.

அதன்பின் இரண்டு இடவப்பாதி போயிற்று. மறுபக்கச் சுவர் உலர்ந்திருக்கிறது; தாயாரின் கட்டிலும் பழைய இடத்துக்கு வந்துவிட்டது. தகப்பனார் வாரம் இருமுறை தொட்டியில் அமருகிறார். தாயார் ஒருநாளும் அதில் இறங்கினதில்லை. மின்சாரம் நின்று மோட்டார் ஓடாத நாட்களுக்கென்று அதில் கிணற்று நீரைப் பிடித்துவைத்து, அருகே நின்று வாளியில் மொண்டு குளிக்கிறார்கள்.