நாடோடி என்பது திட்டா?

நண்பர்களே, நோட்டு கொண்டுவராமல் வந்தவனை "நாடோடிப் பயலே" என்று கூப்பிடுகிறோம். எனக்கு அது பிடிக்கவில்லை. காரணத்தைச் சொல்றேன், கேளுங்க.

குஜராத்தில் கட்ச் மாவட்டத்தில் பன்னி என்று ஒரு புல்வெளி இருக்கிறது. (பேரைக் கேட்டுச் சிரிக்கக் கூடாது!) சுமார் 2,500 சதுர கிலோமீட்டர். அதற்கு வடக்கே பெரிய ரண் என்ற உப்புப் பாலைவனம். அங்கே மழை ஜூன் முதல் செப்டம்பர் வரைதான், அதுவும் பல வருஷம் பொய்த்துவிடும். நல்ல மழை பெய்தால் ரண்ணில் தண்ணீர் தேங்கும். பூநாரைகள் சேற்றைக் குவித்துக் கூடு கட்டும். குளிர்காலத்தில் வடக்குத் தேசங்களிலிருந்து சாம்பல் நிறப் பெருங்கொக்குகள் வரும். வெயில் ஏறியதும் அவை போய்விடும். புல் தீர்ந்தால் மால்தாரி என்ற மேய்ச்சல்காரர்களும் மாடுகளை ஓட்டிக்கொண்டு கிளம்புவார்கள். பறவை போனால் 'வலசை' என்று அழகாகச் சொல்கிறோம். மனுஷன் போனால் மட்டும் திட்டா?

அவர்கள் தோண்டும் 'விர்டா' கிணறு தெரியுமா? அங்கே நிலத்தடி நீர் உப்பு. அதனால் மழைநீர் தேங்கும் பள்ளத்தில் ஆழமில்லாத கிணறு தோண்டுவார்கள். நல்ல தண்ணீருக்கு அடர்த்தி குறைவு, உப்புத் தண்ணீருக்கு மேலேயே நிற்கும். அதை மட்டும் இறைத்துக்கொள்வார்கள். அடர்த்திப் பாடத்தை நாம பரீட்சைக்குப் படிக்கிறோம், அவங்க அதுல தாகம் தீர்த்துக்கிறாங்க!

1960-களில் உப்பு பரவாமல் தடுக்க வனத்துறை அங்கே சீமைக் கருவேலத்தைக் கொண்டுவந்தது. ஆமாம், நம்ம கண்மாயில் நிற்கிற அதே முள்தான். அது புல்லை அழுத்திப் பெரும்பகுதியில் பரவிவிட்டது. அந்த ஊர்க்காரர்கள் அதற்கு வைத்த பேர் 'பைத்தியக்காரக் கருவேலம்'. அதன் நெற்றுகளைத் தின்று பசுக்களுக்கு நோய் வந்ததால், பலர் பசுவை விட்டு எருமைக்கு மாறினார்கள். அதை வெட்டிக் கரி சுட்டுப் பிழைக்கிறவர்களும் உண்டு, அதையும் சொல்லணும். ஆனாலும் எந்த இடத்திலும் மரம் நட்டால் நல்லது என்ற பேச்சை நான் இனி ஒத்துக்கொள்ள மாட்டேன். புல்வெளி ஒன்றும் தரிசு இல்லை.

இப்போது வேலிப் பிரச்சினை வேறு. சிலர் பன்னியை வளைத்துப் பயிர் செய்தார்கள். மால்தாரிகள் வழக்குப் போட்டார்கள். 2021-ல் தேசியப் பசுமைத் தீர்ப்பாயம் ஆக்கிரமிப்பை அகற்றச் சொன்னது. நியாயம்தான். பன்னி எருமைகள் ராத்திரியில் ஆள் துணை இல்லாமலே மேயப் போய், விடியற்காலையில் பால் கறக்க வீட்டுக்குத் திரும்புகிற மாடுகள். நடுவில் வேலி போட்டால் அதுங்க எந்த வழியா வீட்டுக்கு வரும்?